அண்ணனைத் தோத்த மலை: மலையகப் பாட்டுக்கென்று ஒரு முகம் உண்டா?

வாசகர் கேள்வி, 2024 பெப்ரவரி 9

இலங்கைத் தேயிலைத் தோட்டத் தமிழர்களின் இலக்கியத்தை, மலையக இலக்கியம் என்று யார் பேசத் தொடங்கினாலும் நாட்டார் பாடலில்தான் தொடங்குகிறார்கள். எடுத்துப் பார்த்தால் மெட்டு புதுக்கோட்டையிலும் மதுரைப் பக்கத்திலும் பாடுகிற அதே தெம்மாங்கு. தாலாட்டு, ஒப்பாரி, கும்மி எல்லாம் அங்கிருந்து வந்தவைதான். ஊர்ப்பெயரை எடுத்துவிட்டுக் கண்டி என்று போட்டால் அது ஒரு வட்டாரத்தின் கவிதை ஆகிவிடுமா? மலை அந்தப் பாடல்களில் வெறும் பின்னணிதானே?

பெப்ரவரி 9, இரவு

மெட்டு அங்கிருந்து வந்தது என்பதில் சண்டையே இல்லை. ஆட்கள் வந்தார்கள், வாயில் இருந்ததும் கூடவே வந்தது. திருச்சி, புதுக்கோட்டை, ராமநாதபுரம், மதுரை, சேலம் என்று மழை பொய்த்த சீமைகளிலிருந்து கிளம்பி, கடல் தாண்டி மன்னார்க் கரையில் இறங்கி, காட்டு வழியே மாத்தளை வரை நடந்தவர்கள் வேறு எந்த மெட்டில் பாடியிருப்பார்கள்?

ஆனால் மலை வெறும் பின்னணி என்கிறீர்களே, அதை என்னால் ஏற்க முடியவில்லை. எல்லாருக்கும் தெரிந்த பாட்டையே எடுங்கள். கோப்பிக் கன்னு போட்ட மலை, அண்ணனைத் தோத்த மலை, அந்தா தெரியுது பார். இதில் மலையின் அழகைப் பற்றி ஒரு சொல் கிடையாது. பனி இல்லை, அருவி இல்லை. அந்த மலை எது என்று சொல்ல அவளுக்கு இரண்டு சங்கதி போதும்: அங்கே என்ன நட்டோம், அங்கே யாரைப் பறிகொடுத்தோம். சொல்லிவிட்டு விரலை நீட்டுகிறாள்.

இந்தப் பாட்டு புதுக்கோட்டையிலிருந்து வந்திருக்க முடியாது. ஊரில் அண்ணன் செத்தால் சுடுகாடு இருக்கிறது, பங்காளிகள் இருக்கிறார்கள், வருசத்துக்கு ஒரு முறை படையல் போட ஒரு மூலை இருக்கிறது. இங்கே வந்தவளுக்கு அவற்றில் ஒன்றும் இல்லை. மலையைத்தான் காட்ட முடிந்தது.

பெப்ரவரி 10

இன்னொன்று சேர்க்க மறந்தேன். பாட்டில் இருப்பது கோப்பி, தேயிலை இல்லை. கோப்பித் தோட்டம் 1820களில் கம்பளைப் பக்கம் தொடங்கியது. 1869இல் இலைநோய் தட்டி, அடுத்த பத்துப் பதினைந்து வருடத்தில் மொத்தப் பயிரும் போனது. லூல்கந்துரவில் ஜேம்ஸ் டெய்லர் 1867இல் 19 ஏக்கரில் வைத்த தேயிலைதான் அப்புறம் மலை முழுக்கப் பரவியது. ஆக இந்தப் பாட்டு பிறந்த காலத்தைப் பாட்டே சொல்கிறது.

எங்கள் அம்மாயி இதைப் பாடிக் கேட்டிருக்கிறேன். அவள் ஆயுசில் கோப்பித் தோட்டத்தைப் பார்த்தவள் இல்லை. அவளுடைய அம்மாவும் பார்த்திருக்க மாட்டாள். தேயிலை என்று மாற்றிப் பாடியிருக்கலாம், ஒரு தடையும் கிடையாது. மாற்றவில்லை. யாரோ ஒருத்தியின் அண்ணன் நூறு வருடம் கழித்தும் அந்த மலையில் அதே கோப்பிக் கன்றுகளுக்கு நடுவேதான் கிடக்கிறான்.

பெப்ரவரி 12

குறிஞ்சித் திணையை இங்கே கொண்டு வராதீர்கள் என்று ஒருவரிடம் சொல்ல வேண்டியிருக்கிறது. மலை என்றவுடன் தேனும் தினையும் முருகனும் என்று நீளமாக எழுதியிருக்கிறார். சங்கப் பாட்டின் குறிஞ்சி மேல் எனக்கும் ஆசை உண்டு, வகுப்பில் பாடமும் நடத்துகிறேன். ஆனால் அது மலையிலேயே பிறந்து மலையிலேயே வேட்டையாடித் தினை விதைத்தவர்களின் மலை. எங்கள் ஆட்கள் சமவெளிக்காரர்கள். கம்பு, சோளம், கண்மாய், கருவேலம் என்று இருந்தவர்கள். குளிரைப் பார்த்தவர்கள் இல்லை. நாலாயிரம் ஐயாயிரம் அடி உயரத்தில் காட்டை வெட்டி அவர்களே ஒரு மலையை உண்டாக்கினார்கள், பிறகுதான் அந்த மலைக்காரர்கள் ஆனார்கள்.

பாட்டிலேயே இந்த மாற்றம் தெரிகிறது. ஊரான ஊரிழந்தேன், ஒத்தப்பனைத் தோப்பிழந்தேன் என்று ஒன்று இருக்கிறதே, அதைப் பாருங்கள். நுவரெலியாப் பக்கம் பனைக்கு வழியே இல்லை. பாடுகிறவள் தன் கண்முன் இல்லாத மரத்தைச் சொல்லி அழுகிறாள். இது ஒரு தலைமுறையின் பாட்டு. அடுத்த தலைமுறைப் பாட்டுகளில் பனை இல்லை. கொழுந்து வருகிறது, கூடை வருகிறது, அட்டைக்கடி வருகிறது, காலையில் வேலைக்கு ஆள் கூட்டுகிற பிரட்டுக்களம் வருகிறது. இழந்ததைப் பாடிக்கொண்டிருந்தவர்கள் நிற்கிற இடத்தைப் பாடத் தொடங்கினார்கள். வட்டார அடையாளம் என்று எதையாவது சொல்வதாக இருந்தால் நான் அங்கேதான் விரலை வைப்பேன்.

பெப்ரவரி 13

அட்டை பற்றிக் கேட்டவருக்கு: மழை மலையில் அட்டை வெறும் கவிதைச் சாமான் கிடையாது. கால் விரலிடுக்கில் ஏறும். கடித்தால் வலி தெரியாது, ரத்தம் வழிந்து காய்ந்த பிறகுதான் தெரியும். உப்பும் சவுக்காரமும் தேய்த்துக்கொண்டு போவார்கள். இடுப்பில் படங்கு, தலையில் கம்பளி, முதுகில் கூடை, மழையில் நனைந்த கூடைக் கயிறு நெற்றியை அறுக்கும். அம்மாவின் நெற்றியில் அந்தத் தடம் ஒரு கோடாகவே இருந்தது, பொட்டு அதற்குக் கீழேதான் வைப்பாள்.

பெப்ரவரி 17

மலை பின்னணி இல்லை என்று சொன்னதற்கு இன்னும் வலுவான காரணம் ஒன்று தோன்றுகிறது. மேல், கீழ்.

எங்கள் தோட்டத்தை மனதில் நிறுத்திப் பார்க்கிறேன். உச்சியில் துரை பங்களா. கொஞ்சம் இறங்கினால் சின்னத்துரை வீடு. அப்புறம் ஸ்டோரு, ஆபீஸ், உத்தியோகத்தர்களின் குவாட்டர்ஸ். பள்ளத்தில், ஓடைக்கு மேலே, தொழிலாளர் குடியிருக்கும் வரிசை வீடுகளான லயம். எந்தத் தோட்டத்துக்குப் போனாலும் ஏறக்குறைய இதே வைப்புத்தான். தோட்டத்தில் ஒருவர் யார் என்று கேட்கவே வேண்டாம், எந்த உயரத்தில் குடியிருக்கிறார் என்று பார்த்தால் போதும்.

இப்போது கங்காணியைப் பற்றிய பழைய பாட்டுகளைப் பாருங்கள். கங்காணி காட்டுக்கு மேலே நிற்கிறான், வேலையை மேற்பார்க்கிற தோட்டத்துக் கண்டக்டர் ரோட்டுக்கு மேலே நிற்கிறான், கீழே ஒரு பொடியன் கோப்பிப் பழம் பறித்ததில் பொல்லாப்பு வந்துவிடுகிறது. அவ்வளவுதான் பாட்டு. யாரும் யாரையும் திட்டவில்லை. யார் எங்கே நிற்கிறார்கள் என்று சொன்னாலே நிலைமை புரிந்துவிடுகிறது. சமவெளியில் இந்தப் பாட்டுக்கு வேலையே இல்லை. அங்கே மிராசுதார் வரப்பில் நிற்பார், வயலில் நிற்கிறவள் நிமிர்ந்தால் கண்ணுக்கு நேரே. இங்கே நிமிர்ந்தால் காலணிதான் தெரியும்.

பெப்ரவரி 18

சிரிப்புப் பாட்டே கிடையாதா, எல்லாம் அழுகைதானா என்று கேட்டிருக்கிறீர்கள். ஏன் கிடையாது! அச்சில் வந்த தொகுப்புகளில் குறைவு, மலையில் நிறைய. கணக்கப்பிள்ளையின் தொப்பையைப் பற்றி, புதுசாக வந்த சின்னத்துரையின் தமிழைப் பற்றி, தராசில் கொழுந்து நிறுக்கும்போது கழிக்கிற கிலோவைப் பற்றி எங்கள் நிரையில் ஒரு பெரியம்மா பாடுவார். நாலு நிரைக்கு அப்பால் இருப்பவள் அடுத்த வரியைப் போடுவாள். கங்காணி பக்கத்தில் வந்தால் பாட்டு அப்படியே மாரியம்மன் தாலாட்டாக மாறிவிடும். மெட்டு மாறாது, சொல் மட்டும் மாறும். அவரும் பக்தியோடு கேட்டுவிட்டு நகர்வார்.

இவற்றை யாரும் எழுதிவைக்கவில்லை. கேட்டு எழுத வந்தவர்களிடம் பெண்கள் இவற்றைப் பாடியிருக்கவும் மாட்டார்கள். வந்தவர் பெரும்பாலும் வெள்ளைச் சட்டை போட்ட ஆண், பக்கத்தில் தோட்டத்துத் தலைவர் நின்றிருப்பார். அதனால் தொகுப்பைப் படித்துவிட்டு மலையகப் பெண் அழுதுகொண்டே இருந்தாள் என்ற முடிவுக்கு வந்துவிடாதீர்கள்.

பெப்ரவரி 25

நாட்டார் பாடலை விட்டால் வேறு என்ன இருக்கிறது என்பது இரண்டாவது கேள்வி. நிறைய இருக்கிறது. தெல்தோட்டைப் பக்கம் போப்பிட்டியில் பிறந்த அருள்வாக்கி அப்துல் காதிறுப் புலவர் மரபு யாப்பில் பாடியவர், பத்தொன்பதாம் நூற்றாண்டில் பிறந்தவர். மலையகக் கவிதை என்றால் எழுதத் தெரியாதவர்களின் வாய்ப்பாட்டு மட்டும்தான் என்று நினைக்கிறவர்கள் அவரிலிருந்து தொடங்கட்டும்.

எனக்கு அதிகம் பிடித்தவர் மீனாட்சி அம்மாள். நடேசய்யரின் மனைவி என்று ஒரு வரியில் முடித்துவிடுகிறார்கள், அது போதாது. அய்யர் 1931இல் ஹட்டனில் தொழிற்சங்கம் தொடங்குகிறார். தோட்டத்துக்குள் வெளியார் காலடி வைத்தால் அத்துமீறல் வழக்கு போடுகிற காலம். அம்மாள் கூட்டங்களில் பாரதி பாட்டுப் பாடுகிறார், தானே பாட்டுக் கட்டுகிறார். அந்தப் பாட்டுகள் 1940இல் சிறு புத்தகமாக அச்சாகின. அதற்கு முந்தைய வருடம்தான் அரசாங்க வேலையில் இருந்த இந்தியத் தினக்கூலிகளை வெளியேற்றினார்கள். 1940 ஜனவரியில் முல்லோயாத் தோட்டத்தில் சம்பளப் போராட்டத்தில் பொலிஸ் சுட்டு கோவிந்தன் என்ற தொழிலாளி இறந்தார். இந்தக் கொதிப்பில் எழுந்த பாட்டு அது. முதல் தடவையாக ஒரு பெண், அச்சில், மேடையில், இந்த நாட்டில் எங்கள் நிலைமை இது என்று பாடுகிறார். ஒப்பாரி செத்தவரைப் பார்த்துப் பாடுவது. இது ஆட்சியில் இருப்பவரைப் பார்த்துப் பாடியது.

பெப்ரவரி 26

கவிஞர் சி.வி. வேலுப்பிள்ளையை விட்டுவிட்டு எப்படி என்று உடனே ஒரு குரல். விடவில்லை, தனியாக எழுதலாம் என்று வைத்திருந்தேன்.

மடகொம்பரைத் தோட்டத்தில் 1914இல் பிறந்தவர். 1947 தேர்தலில் தலவாக்கலையிலிருந்து பாராளுமன்றம் போனார். தோட்டத் தமிழர் சார்பில் அந்த முறை இலங்கை இந்தியக் காங்கிரஸிலிருந்து ஏழு பேர் வென்றார்கள். அடுத்த வருடம் 1948ஆம் ஆண்டின் 18ஆம் இலக்கப் பிரஜாவுரிமைச் சட்டம். 1949இல் வாக்கும் போனது. வாக்குப் போட்டு அனுப்பிய சனம் ஒரே வீச்சில் நாடற்றதாகிவிட்டது. மறுபடி தங்கள் வாக்கில் ஒருவரைப் பாராளுமன்றத்துக்கு அனுப்ப 1977 வரை காத்திருந்தார்கள்.

அந்த 1950களில்தான் சி.வி. தேயிலைத் தோட்டத்தைப் பற்றிய தன் நெடுங்கவிதையை எழுதுகிறார், ஆங்கிலத்தில். தமிழில் சக்தீ பால-ஐயா பின்னால் தந்தார். தேயிலைத் தூரின் அடியில் புதைந்த தன் மக்களுக்குக் கல்லறையும் இல்லை, இரங்கல் பாட ஆளும் இல்லை என்பதுதான் அதன் அடிநாதம். மேலே சொன்ன அண்ணனைத் தோத்த மலையும் இதுவும் ஒன்றேதான். நாட்டார் பாடல்களைத் தேடித் தேடிச் சேர்த்தவரும் அவரே. அந்தப் பாட்டு அவர் காதுக்குள் இருந்திருக்கிறது.

ஏன் ஆங்கிலம் என்று கோபப்படுகிறவர்கள் உண்டு. எனக்கு அந்தக் கோபம் இல்லை. பாட்டைக் கேட்க வேண்டியவர்கள் அப்போது கொழும்பில் ஆங்கிலத்தில் சட்டம் எழுதிக்கொண்டிருந்தார்கள்.

மார்ச் 3

பெயர்ச் சண்டைக்குள் போக வேண்டாம் என்று நினைத்தேன், இழுத்துவிட்டீர்கள். சனத்தொகைக் கணக்கில் நெடுங்காலம் இந்தியத் தமிழர் என்றுதான் இருந்தது. கட்சிக்காரர்களில் சிலருக்கு இந்திய வம்சாவளி. 1960களில் ஹட்டன் ஹைலண்ட்ஸ் கல்லூரியை மையமாக வைத்து இர. சிவலிங்கம் போன்ற ஆசிரியர்களும் மாணவர்களும் கிளப்பிய எழுச்சியில் மலையகம் என்பது ஒரு கொடி மாதிரி ஏறியது. பத்திரிகையில் தோட்டப் பகுதிக்கென்று பக்கம் வந்தது, சிறுகதைப் போட்டி வந்தது, கவிதை வந்தது. நான் எந்தப் பக்கம் என்றால், மலையகத் தமிழர். 2023இல் வந்து இருநூறு வருடமானதை நினைத்து தலைமன்னாரிலிருந்து மாத்தளை வரை நடந்தார்களே, அந்த ஊர்வலத்தில் அந்தப் பெயர்தான் வாயெல்லாம் இருந்தது. எங்கள் பள்ளிக்கூடத்துப் பிள்ளைகள் சிலரும் கடைசி நாளில் மாத்தளையில் போய்ச் சேர்ந்துகொண்டார்கள். திரும்பி வந்து அவர்கள் எழுதிய கட்டுரைகளைவிட, பஸ்ஸில் பாடிக்கொண்டு வந்த பாட்டு நன்றாக இருந்தது.

மார்ச் 14

காமன் கம்பம் ஊன்றிவிட்டார்கள். மாசி அமாவாசை கழிந்து மூன்றாம் நாள் வழக்கம். ராத்திரி தப்புச் சத்தம் பள்ளத்திலிருந்து மேலே ஏறி வருகிறது, அதைக் கேட்டுக்கொண்டுதான் எழுதுகிறேன்.

காமன் கூத்து தமிழ்நாட்டிலும் உண்டு, ஒத்துக்கொள்கிறேன். இங்கே அது தோட்டம் முழுவதையும் ஓர் இடத்தில் கொண்டு வந்து நிறுத்துகிறது. சிவன் மன்மதனை எரிக்கிறார், ரதி அழுகிறாள். ரதியின் ஒப்பாரியை வேடம் கட்டிய ஆண் பாடுகிறான், சுற்றி நிற்கிற பெண்கள் நிஜமாகவே அழுகிறார்கள். புருசனைப் பறிகொடுத்தவர்கள் அதில் எத்தனை பேர் என்று யாரும் எண்ணுவதில்லை.

ஆனால் இதைச் சொல்லும்போது இன்னொன்றையும் சொல்லித்தான் ஆக வேண்டும். தப்பு யார் அடிப்பது? காலம் காலமாகக் குறிப்பிட்ட சாதிக் குடும்பங்கள். பிரட்டுக்கு ஆள் கூட்டவும் அதே தப்பு, சாவுக்கும் அதே தப்பு. இப்போது அந்தக் குடும்பத்துப் பையன்கள் சிலர் தொடமாட்டோம் என்கிறார்கள், வேறு சிலர் மேடையில் கலையாக எடுத்துப் பெருமையாக அடிக்கிறார்கள். இரண்டிலும் நியாயம் இருக்கிறது. மலையக அடையாளம் என்று எல்லாரையும் ஒன்றாகச் சேர்த்துப் பாடுகிற கவிதைகளில் இந்தச் சங்கதி வருவதே இல்லை. லயத்தில் ஒரே சுவருக்கு இரண்டு பக்கமும் இருந்துகொண்டு ஒருவர் வீட்டில் ஒருவர் சாப்பிடாத காலத்தை நான் பார்த்திருக்கிறேன். அதை எழுதாமல் நாங்கள் எல்லாரும் ஒரு தாய் மக்கள் என்று எழுதுகிற கவிஞர் மேல் எனக்குச் சலிப்பு வருகிறது.

மார்ச் 15

நேற்றைய குறிப்பு கடுமையாக இருக்கிறதென்று சொன்னவருக்கு: கடுமைதான். எடுக்க மாட்டேன்.

மார்ச் 24

மாமாவைப் பற்றி எழுத வேண்டும் என்று பல நாளாக நினைப்பு. அம்மாவின் அண்ணன். 1964 சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தத்தில் ஒன்பது இலட்சத்து எழுபத்தையாயிரம் பேரைக் கணக்குப் போட்டுப் பிரித்தார்களே, ஐந்தே கால் இலட்சம் இந்தியாவுக்கு, மூன்று இலட்சம் இலங்கைக்கு, மிச்சத்தைப் பிறகு பார்ப்போம் என்று. அந்தக் கணக்கில் மாமா இந்தியா, அம்மாயியும் அம்மாவும் இலங்கை. ஒரே குடும்பத்தில் ஒருவருக்கு ஒரு கடவுச்சீட்டு. தலைமன்னாரில் கப்பலேறி, மண்டபம் முகாம் வழியாகக் கோத்தகிரிப் பக்கம் போய்ச் சேர்ந்தார். அங்கே என்ன வேலை? தேயிலை. தாயகம் திரும்பியோருக்கென்று அரசு நீலகிரியில் வைத்த தோட்டம். இங்கே கள்ளத்தோணி என்று ஏசப்பட்டவர் அங்கே சிலோன்காரர் ஆனார்.

நான் அவரைப் பார்க்கப் போனபோது ராத்திரி அடுப்பங்கரையில் உட்கார்ந்து ஒத்தப்பனைத் தோப்புப் பாட்டைப் பாடினார். எனக்குத் தெரிந்த பாடத்தில் பேரான கண்டியிலே பெத்த தாயை நான் மறந்தேன் என்று முடியும். ஊரை விட்டுக் கண்டிக்கு வந்தவள், வந்த இடத்தில் வேலைச் சுமையில் ஊரில் இருக்கும் தாயை மறந்துபோனேன் என்று புலம்புவது. மாமா மாற்றிப் பாடினார். பேரான கண்டியிலே பெத்த தாயை விட்டுவந்தேன். ஒரு சொல்தான் மாறியது, பாட்டு முழுசாகத் திரும்பிக்கொண்டது. எங்கே போகும்போது அழுத பாட்டோ, அங்கிருந்து வரும்போதும் அதுவே வேண்டியிருந்தது. அம்மாயி அப்போது பொகவந்தலாவையில் உயிரோடு இருந்தாள், மகனைக் கடைசி வரை பார்க்கவில்லை.

கேள்வி கேட்டவர் இதையும் படித்திருப்பார் என்று நம்புகிறேன். அதே மெட்டு, அதே தெம்மாங்கு, நீங்கள் சொன்னது சரி. யார் வாயில், எந்தக் கரையில் நின்று, எதைப் பார்த்துப் பாடுகிறார் என்பதில்தான் வட்டாரம் இருக்கிறது.

ஏப்ரல் 7

மாமாவின் பாடம் தப்பு, மூலப் பாடம் இதுதான் என்று திருத்தியிருக்கிறார் ஒருவர். நாட்டார் பாட்டில் மூலம் என்று எதைப் பிடிப்பது? மஸ்கெலியாவில் ஒரு விதம், ஊவாவில் ஒரு விதம். பாட்டைக் கேட்பவர் எழுதிக்கொள்ள வேண்டியது எல்லா விதத்தையும்தான்.

ஏப்ரல் 20

இன்றைய கவிதைக்கு வருவோம். நான் பத்தாம் பதினோராம் வகுப்புக்குத் தமிழ் எடுக்கிறேன். கவிதை எழுதுங்கள் என்றால் பிள்ளைகள் கண்ணை மூடிக்கொண்டு ஒன்றை எழுதுவார்கள்: தேயிலைக்கு உரமானோம், இரத்தத்தைத் தேநீராக்கினோம், அட்டைக்கு இரையானோம். எல்லாம் உண்மை. எல்லாம் கேட்டுக் கேட்டுச் செத்துப்போன வரி. எழுதுகிற பிள்ளையின் அம்மா குவைத்தில் வீட்டு வேலையில் இருப்பாள், அப்பா கொழும்பில் சாப்பாட்டுக் கடையில் இருப்பார், பிள்ளை அப்பாயியோடு லயத்தில். அவன் அம்மாவை ராத்திரி கைபேசியில்தான் பார்க்கிறான். அது கவிதையில் வராது. மலையகக் கவிதை என்றால் இப்படித்தான் இருக்க வேண்டும் என்று மேடையில் கேட்டுப் பழகிவிட்டான்.

குறிஞ்சித் தென்னவனைப் படித்துக் காட்டினேன். தோட்டத்தில் வேலை செய்துகொண்டே எழுதியவர், அவர் எழுதியது அவர் கண்ட நாள். உன் நாளை நீ எழுது என்று சொல்லி ஒரு வேலை கொடுத்தேன்: இரத்தம், வியர்வை, உரம், அட்டை நான்கும் வரக்கூடாது. கடைசி வாங்கில் இருக்கிற ஒரு பெண்பிள்ளை கொடுத்ததை அவள் சம்மதத்தோடு இங்கே போடுகிறேன். பெயர் வேண்டாம் என்றாள்.

கடிதத்தில் அக்கா பேர் இருந்தது.
அப்பா பேர் இருந்தது.
தோட்டத்துப் பேர் இருந்தது, டிவிசன் இருந்தது.
தட்டுவதற்குக் கதவு நம்பர் இல்லை.
ஆபீஸ் மேசையில் இருந்து
பிரட்டுக்களத்துக்கு வந்து
பெரியப்பா பையில் கிடந்து
என் கைக்கு வந்தபோது
அக்காவை வரச்சொன்ன நாள்
கடிதத்துக்குள்ளேயே முடிந்திருந்தது.

வெளியூர்க்காரர்களுக்காக: லயக் காம்பராக்களுக்குத் தனி விலாசம் கிடையாது. கடிதம் தோட்டத்தின் பெயருக்கு வரும், அங்கிருந்து கைமாறிக் கைமாறி வரும். நேர்முகப் பரீட்சைக் கடிதம், பல்கலைக்கழகக் கடிதம், வங்கிக் கடிதம் எல்லாம் இப்படித்தான். இருநூறு வருடம் குடியிருந்தும் விலாசம் இல்லாத சனம் என்று ஒரு மேடைப் பேச்சாளர் முழங்குவார். இவள் முழங்கவே இல்லை. கடிதம் வந்த வழியை மட்டும் சொல்லியிருக்கிறாள்.

ஏப்ரல் 21

இந்தக் கவிதையில் மலை எங்கே என்று கேட்டது நல்ல கேள்வி. ராத்திரி யோசித்தேன். இருக்கிறது. ஆபீஸ் மேலே, பிரட்டுக்களம் நடுவில், லயம் கீழே. கடிதம் இறங்கி வருகிற ஒவ்வொரு படியும் மலையின் படி. பெப்ரவரி 17இல் சொன்ன பொடியன் பாட்டோடு சேர்த்துப் படியுங்கள். அவள் அந்தப் பாட்டைக் கேட்டதே இல்லை, கேட்டுப் பார்த்தேன்.

மே 2

நேற்று மே தினக் கூட்டத்தில் நாட்சம்பளம் 1700 ரூபாய் என்று அறிவிப்பு. 2021இல் 1000 ஆனபோதும் இப்படித்தான் பட்டாசு வெடித்தார்கள். இத்தனை கிலோ கொழுந்து எடுத்தால்தான் முழுப் பேர், அதாவது முழு நாள் சம்பளம், குறைந்தால் அரைப் பேர் என்ற கணக்கு அப்போது எத்தனை பேரை வெட்டியது என்று எங்கள் லயத்தில் கேளுங்கள். கம்பனிகள் இப்போதே முடியாது என்கின்றன. கைக்கு வரும்போது பார்ப்போம்.

பாட்டோடு என்ன சம்பந்தம் என்றால், பழைய பாட்டில் காசுக் கணக்கு வெளிப்படையாக வரும். துண்டு (கடன் சீட்டு), பற்று (முன்பணம்), தலைக்காசு (ஆள் கணக்கில் கங்காணிக்குப் போகிற காசு), அரைப் பேர் எல்லாம் பாட்டுக்குள் இருக்கும். இன்றைய கவிதை உழைப்புச் சுரண்டல் என்று ஒரு பெரிய சொல்லைப் போட்டுவிட்டு நகர்ந்துவிடுகிறது. எத்தனை கிலோவுக்கு எத்தனை ரூபாய் என்று சொல்லக் கவிதைக்கு என்ன கூச்சம்? எங்கள் பெரியம்மாவின் தராசுப் பாட்டில் கழித்த கிலோ வரை இருந்தது.

மே 19

கேள்வி கேட்டவர் திரும்பி வந்திருக்கிறார். மலை பின்னணி இல்லை என்பதை ஏற்கிறார். ஆனால் தாலாட்டிலும் கலியாணப் பாட்டிலும் தனித்தன்மை குறைவு என்கிறார். அதில் எனக்கும் மறுப்பில்லை. பிள்ளையைத் தூங்கவைக்க ஊர்த் தாலாட்டே போதுமாக இருந்திருக்கிறது. ஐரை மீனும் ஆத்து மீனும் என்று கண்மாய்ப் பக்கத்துச் சாமான்கள்தான் இன்றும் அதில் வருகின்றன. வேலைப் பாட்டு, சாவுப் பாட்டு, நக்கல் பாட்டு மூன்றிலும்தான் மலை முழுசாக உள்ளே வந்திருக்கிறது.

பிள்ளைக்காம்பராவில் பாடுகிற தாலாட்டு வேறாக இருக்குமோ என்று ஒரு சந்தேகம். தாய் மலையில் நிற்க, வேறொருத்தி பத்துப் பிள்ளையை ஒன்றாகத் தூங்கவைக்கிற பாட்டு அது. எங்கள் டிவிசனில் பிள்ளை பார்த்த ஆயா ஒருவர் இன்னும் இருக்கிறார், காது மட்டும் கொஞ்சம் மந்தம். அடுத்த சனிக்கிழமை போகிறேன்.

உங்களில் மஸ்கெலியா, அப்புத்தளை, பதுளை, தெனியாயப் பக்கம் ஆள் இருந்தால் உதவுங்கள். பாடியவர் பெயர் வேண்டாம். தோட்டம், டிவிசன், எந்த வேலையில் இருக்கும்போது பாடியது, முதலில் யார் எடுத்தார்கள், பக்கத்தில் ஆண்கள் யாராவது நின்றார்களா என்பதை எழுதுங்கள். பாட்டை நீங்கள் திருத்த வேண்டாம். கெட்ட வார்த்தை இருந்தால் அதையும் சேர்த்தே அனுப்புங்கள்.